ஒளிக்கு இடமில்லாத இடம்

எல்லோருக்கும் வணக்கம்.

என் கையில் இருப்பது ஒரு மயிலிறகு. முன் வரிசையில் இருக்கும் பிள்ளைகள் இதை வாங்கிக்கொண்டு அந்த ஜன்னல் பக்கம் போங்கள். இறகை ஜன்னலுக்கு நேரே தூக்கிப் பிடித்து, வெளிச்சம் அதன் வழியாக உங்கள் கண்ணுக்கு வரும்படி பாருங்கள். என்ன நிறம்? பழுப்பு. நீலமும் இல்லை, பச்சையும் இல்லை. சரி, இப்போது ஜன்னலுக்கு முதுகைக் காட்டி நின்று பாருங்கள். அத்தனை நிறமும் வந்துவிட்டது. இதே இறகை அம்மியில் வைத்து நைய அரைத்தால், பச்சைப் பொடியோ நீலப் பொடியோ கிடைக்காது. வெறும் பழுப்புப் பொடிதான் கிடைக்கும். மஞ்சளை அரைத்தால் மஞ்சள் நிறம் போகாது, ஏனென்றால் அதில் சாயம் இருக்கிறது. மயிலிறகில் நீலச் சாயமும் கிடையாது, பச்சைச் சாயமும் கிடையாது. நம் தலைமுடிக்குக் கருமை தரும் அதே மெலனின்தான் இருக்கிறது. அப்படியானால் நிறம் எங்கிருந்து வருகிறது?

இறகின் நடுத்தண்டிலிருந்து கிளைகள் பிரிகின்றன. ஒவ்வொரு கிளையிலிருந்தும் இன்னும் பொடிப்பொடியான இழைகள் பிரிகின்றன. நிறம் இருப்பது இந்தக் கடைசி இழைகளில். அந்த இழையைக் குறுக்கே வெட்டி எலெக்ட்ரான் நுண்ணோக்கியில் வைத்தால், மேல்தோலுக்கு அடியில் மெலனின் குச்சிகள் கட்டம் கட்டமாக அடுக்கி வைக்கப்பட்டிருப்பது தெரியும். இடையிடையே காற்று. 2003-இல் ஷாங்காயின் ஃபூடான் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் இந்த இடைவெளியை அளந்து பார்த்தார்கள். நீலப் பகுதியில் குச்சிக்குக் குச்சி சுமார் 140 நானோமீட்டர். பச்சையில் 150. மஞ்சளில் 165. நம் முடி ஒன்றின் தடிமனை 80,000 நானோமீட்டர் என்று வைத்துக்கொண்டால், இந்த 10 நானோமீட்டர் வித்தியாசம் எவ்வளவு சிறியது என்று பாருங்கள். அந்த வித்தியாசம்தான் நீலத்தைப் பச்சையாக்குகிறது. பொருள் அதேதான்; அடுக்கு மட்டும் கொஞ்சம் தளர்ந்திருக்கிறது.

இன்று நான் பேச வந்தது இந்த அடுக்கைப் பற்றித்தான். ஒளியைத் தடுக்க வேண்டுமென்றால் கறுப்புத் துணி வேண்டும், உலோகம் வேண்டும் என்று நினைக்கிறோம். ஒளி தாராளமாகப் புகுந்து போகக்கூடிய இரண்டு பொருள்களை எடுத்து, மாறி மாறிச் சரியான இடைவெளியில் அடுக்கினாலே போதும், ஒளியை அடியோடு நிறுத்திவிடலாம். அப்படிப்பட்ட அடுக்குக்கு ஒளிப்படிகம் என்று பெயர். ஃபோட்டானிக் கிரிஸ்டல் என்றும் சொல்வார்கள்.

எப்படி நிற்கிறது? ராத்திரி பஸ்ஸில் போகும்போது ஜன்னல் கண்ணாடியில் உங்கள் முகம் மங்கலாகத் தெரியும் இல்லையா? காற்றிலிருந்து கண்ணாடிக்குள் நுழையும் ஒளியில் நூற்றுக்குச் சுமார் நான்கு பங்கு அந்தப் பரப்பிலேயே திரும்பிவிடுகிறது. ஒரு பொருளுக்குள் ஒளி வெற்றிடத்தைவிட எத்தனை மடங்கு மெதுவாகப் போகிறது என்பதை ஒளிவிலகல் எண் என்பார்கள். அந்த எண் மாறும் இடமெல்லாம் இது நடக்கும். ஒரே ஒரு பரப்பு என்றால் நான்கு பங்கோடு சரி. நூறு பரப்பு இருந்தால், ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு சின்ன அலை திரும்பி வரும். ஒளியின் ஒவ்வொரு நிறத்துக்கும் ஓர் அலைநீளம் உண்டு. அடுக்கின் இடைவெளி, உள்ளே போகும் ஒளியின் அலைநீளத்தில் சரிபாதியாக இருந்தால், திரும்பும் அலைகள் எல்லாம் ஒரே தாளத்தில் வந்து சேரும். ஊஞ்சலில் உட்கார்ந்திருக்கும் குழந்தையை ஒவ்வொரு முறையும் சரியான நேரத்தில் ஒரு விரலால் தள்ளினாலே ஊஞ்சல் உயர உயரப் போகுமே, அப்படி. அந்த ஒரு நிறம் மட்டும் முழுவதுமாகத் திரும்பிவிடும். மற்ற நிறங்களுக்குத் தாளம் தப்பும், அவை உள்ளே போய்விடும். திரும்பிய ஒளியை அடுக்கு உறிஞ்சவில்லை என்பதைக் கவனியுங்கள். அந்த அலைநீளத்தில் அந்த அடுக்குக்குள் பயணம் செய்யும் அலை என்று ஒன்று இருக்கவே முடியாது. அடுக்குக்கு அடுக்கு அது மெலிந்துகொண்டே போய் இல்லாமல் ஆகிவிடும்.

ஒரு திசையில் மட்டும் அடுக்கினால் இது நடக்கும் என்று இங்கிலாந்தின் ரேலே பிரபு 1887-லேயே கணக்குப் போட்டுக் காட்டிவிட்டார். நம் திருச்சியில் பிறந்த சர் சி.வி. இராமனுக்கும் இந்த விஷயத்தில் பெரிய ஈடுபாடு இருந்தது. இராமன் என்றால் நமக்கு 1928-உம் நோபல் பரிசும்தான் ஞாபகம் வரும். ஆனால் 1930-களில் அவர் முத்துச்சிப்பி ஓடுகளின் உள்பக்க மினுமினுப்பைப் பற்றி விரிவாக எழுதினார். 1950-களில் ஓபல் கற்களை எக்ஸ் கதிரில் வைத்து ஆராய்ந்தார். உள்ளே அடுக்கு இருப்பதால்தான் ஓபல் மின்னுகிறது என்றார். அந்த அடுக்கு எதனால் ஆனது என்பது 1964-இல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் எலெக்ட்ரான் நுண்ணோக்கியில் பார்த்தபோது தெரிந்தது: ஒரே அளவுள்ள சிலிக்கா உருண்டைகள், கடையில் ஆரஞ்சுப்பழம் அடுக்குகிற அதே முறையில். மணலும் சிலிக்காதான். உருண்டைகள் ஒழுங்காக அடுக்கியிருந்தால் அது ரத்தினம்.

அப்புறம் ரேலேயிலிருந்து சரியாக நூறு வருடம் கழித்து, 1987-இல், இரண்டு பேர் தனித்தனியாக ஒரே கேள்விக்கு வந்து சேர்ந்தார்கள். ஒருவர் நியூ ஜெர்சியில் பெல்கோர் ஆய்வகத்தில் இருந்த எலி யாப்லனோவிச். இன்னொருவர் பிரின்ஸ்டனில் இருந்த சஜீவ் ஜான். கேரளத்தில் பிறந்து கனடாவில் வளர்ந்தவர். கேள்வி இதுதான்: மூன்று திசையிலும் அடுக்கினால் என்ன ஆகும்? சிப்பியைச் சாய்த்தால் நிறம் மாறுகிறது. ஒரு கோணத்தில் நிற்கிற ஒளி இன்னொரு கோணத்தில் நழுவிப் போகிறது என்றுதான் அதற்கு அர்த்தம். எந்தக் கோணத்திலும் நழுவ முடியாதபடி ஓர் அடுக்கைக் கட்ட முடியுமா?

ஜானுக்கு ஒளியை ஓரிடத்தில் சிறைபிடிக்க முடியுமா என்ற ஆர்வம். யாப்லனோவிச்சின் நோக்கம் வேறு. லேசருக்குள் இருக்கும் அணுக்கள் நாம் கேட்காத திசைகளிலெல்லாம் தன்னிச்சையாக ஒளியை உமிழ்ந்து ஆற்றலை வீணாக்குகின்றன. அதை நிறுத்த வேண்டும். அவர் யோசித்த விதம் என்னை இன்றைக்கும் மலைக்க வைக்கிறது. ஓர் அணு ஒளியை உமிழ வேண்டுமென்றால், அந்த ஒளி போய்ச் சேர ஒரு வழி வேண்டும். எந்தத் திசையிலும் வழியே இல்லாத அடுக்கின் நடுவில் அந்த அணுவை வைத்துவிட்டால்? அது ஆற்றலை வைத்துக்கொண்டு அப்படியே காத்திருக்க வேண்டியதுதான். ஓர் அணு எப்போது ஒளிர வேண்டும் என்பது அணுவுக்குள் மட்டுமே தீர்மானமாகிற சங்கதி என்று நினைக்கத் தோன்றும். அதைச் சுற்றி இருக்கும் இடத்துக்கும் அதில் பங்கு உண்டு. 2005-இல் ஜப்பானின் கியோட்டோ பல்கலைக்கழகத்தில் சுசுமு நோடாவின் குழு, ஒளிப்படிகத் தகட்டுக்குள் இந்த உமிழ்வு வேகத்தை ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்காகக் குறைத்தே காட்டியது.

எழுதியது சுலபம், கட்டுவது பெரும்பாடாக இருந்தது. யாப்லனோவிச் நேரடியாக நானோமீட்டரில் இறங்கவில்லை. கணக்கு அளவைப் பார்ப்பதில்லை. அலைநீளம் பெரிதானால் அடுக்கையும் அதே விகிதத்தில் பெரிதாக்கினால் போதும். அதனால் ஒளியைவிட அலைநீளம் மிகப் பெரிதான நுண்ணலைகளை (மைக்ரோவேவ்) வைத்துக்கொண்டு, மில்லிமீட்டர் கணக்கில் பட்டறையில் துளை போட்டுப் பார்த்தார். ஆரஞ்சு அடுக்கு மாதிரியான வடிவத்தில் முழுத் தடை கிடைத்துவிட்டது என்று 1989-இல் அறிவித்தார்கள். கோட்பாட்டாளர்கள் திரும்பக் கணக்குப் போட்டுப் பார்த்தால், ஓரிடத்தில் தடை மூடவில்லை. ஒளிக்கு ஒரு சந்து திறந்தே இருந்தது. 1990-இல் அயோவா மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஹோ, சான், சூக்கூலிஸ் மூவரும் விடை சொன்னார்கள்: வைரத்தில் கார்பன் அணுக்கள் எந்த அமைப்பில் இருக்கின்றனவோ அந்த அமைப்பில் அடுக்குங்கள். அடுத்த வருடமே யாப்லனோவிச் அதற்கு நெருங்கிய ஒரு வடிவத்தைச் செய்தார். ஒரு திடக்கட்டியின் மேல்பரப்பில் வரிசையாகப் புள்ளி வைத்து, ஒவ்வொரு புள்ளியிலும் செங்குத்திலிருந்து 35 பாகை சாய்த்து, மூன்று வெவ்வேறு திசைகளில் மூன்று துளை. அவ்வளவுதான். எந்தப் பக்கமிருந்து நுண்ணலையை அனுப்பினாலும் ஒரு குறிப்பிட்ட அதிர்வெண் பட்டையில் அது உள்ளே போகவில்லை.

இதில் ஒரு அதிசயம் பாருங்கள். பிரேசிலில் லாம்ப்ரோசைஃபஸ் அகஸ்டஸ் என்று ஒரு பச்சை வண்டு இருக்கிறது. 2008-இல் அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழகத்தில் அதன் செதில்களை ஆராய்ந்தால், உள்ளே இருப்பது இதே வைர அமைப்பு! ஆனால் வண்டிடம் முழுத் தடை கிடையாது. செதிலின் பொருளுக்கு ஒளிவிலகல் எண் போதாது. காற்றோடு ஒப்பிட்டால் சுமார் 2 மடங்காவது வேண்டும்; வண்டிடம் இருப்பது ஒன்றரையை ஒட்டித்தான். வடிவம் வண்டிடம் இருந்தது, பொருள் மனிதனிடம் இருந்தது.

சரி, ஒளி நுழையவே முடியாத ஒன்றைக் கட்டி என்ன பயன்? அதில் ஒரு குறை வைத்தால்தான் பயன். மெல்லிய சிலிக்கான் தகட்டில் சுமார் 420 நானோமீட்டருக்கு ஒன்று வீதம் துளை போட்டுக்கொண்டே போகிறோம். தொலைத்தொடர்பில் ஓடும் 1,550 நானோமீட்டர் ஒளிக்குச் சிலிக்கான் கண்ணாடி மாதிரி. துளை வரிசை அதைத் தடுத்துவிடும். இப்போது ஒரு வரிசையை மட்டும் துளையிடாமல் விட்டால், ஒளிக்கு அது ஒரு தெரு. மூன்றே மூன்று துளைகளை மட்டும் விட்டால், அது ஒரு குட்டி அறை. ஒளி அங்கேயே சுற்றிக்கொண்டிருக்கும். 2003-இல் நோடாவின் குழு அந்த அறையின் இரு ஓரத் துளைகளைச் சுமார் 60 நானோமீட்டர் வெளிப்பக்கமாகத் தள்ளி வைத்தது. அந்தச் சின்ன மாற்றத்தில் ஒளி அறைக்குள் தங்கும் நேரம் பல மடங்கு கூடியது. சுவர் சட்டென்று முடிந்தால் அந்த முனையில் ஒளி கசிகிறது. சுவர் கொஞ்சம் இளகிக் கொடுத்தால் கசிவு அடங்குகிறது என்று அவர்கள் விளக்கினார்கள். 2005-இல் ஐபிஎம் ஆய்வாளர்கள் இப்படிப்பட்ட ஒரு தெருவில், ஒளித்துடிப்பின் வேகத்தை வெற்றிடத்தில் இருப்பதில் 300-இல் ஒரு பங்குக்கும் கீழே கொண்டுவந்தார்கள்.

கடைசியாக, உங்கள் கைபேசியோடு சம்பந்தப்பட்ட ஒன்று. இன்று இணையம் பெரும்பாலும் ஓடுவது கண்ணாடி இழையில். கண்ணாடிக்குள் ஒளியின் வேகம் வெற்றிடத்தில் இருப்பதில் மூன்றில் இரண்டு பங்குதான். ஒளியைக் காற்றிலேயே ஓடவிட்டால் என்ன என்று 1991-இல் இயற்பியலாளர் ஃபிலிப் ரஸ்ஸல் யோசித்தார். காற்றைச் சுற்றிச் சாதாரணக் கண்ணாடிச் சுவர் வைத்தால் ஒளி கசிந்துவிடும். ஆனால் சுவரே ஓர் ஒளிப்படிகமாக இருந்தால் கசிய வழியில்லை. 1999-இல் இங்கிலாந்தின் பாத் பல்கலைக்கழகத்தில் அவருடைய குழு அப்படி ஓர் இழையைச் செய்தது: தேன்கூடு மாதிரி துளைகள், நடுவில் ஒரு பெரிய வெற்றுக்குழல், அதற்குள் ஒளி. ஆனால் வழியிலேயே ஒளி நிறைய இழப்பானது.

பின்னால் வந்தவர்கள் தேன்கூட்டையும் கைவிட்டார்கள். நடுக் குழலைச் சுற்றி, ஒன்றுக்குள் ஒன்றாகச் சில மெல்லிய கண்ணாடிக் குழாய்கள் மட்டும். சரியாகச் சொன்னால் இது ஒளிப்படிகம் ஆகாது. இதில் அடுக்கே இல்லை. குழாய்ச் சுவரின் தடிமனை, வேண்டிய அலைநீளம் அதற்குள் பொருந்தாதபடி வைப்பதால் ஒளி நடுவுக்கே திரும்புகிறது. சவுத்ஹாம்ப்டன் பல்கலைக்கழகத்தில் வளர்ந்த இந்த வேலையிலிருந்து பிறந்த நிறுவனத்தை 2022-இல் மைக்ரோசாஃப்ட் வாங்கிக்கொண்டது. 2025-இல் அவர்கள் வெளியிட்ட அளவு, கிலோமீட்டருக்கு 0.091 டெசிபல் இழப்பு. சாதாரண இழையில் சுமார் 15 கிலோமீட்டரில் ஒளி பாதியாகிவிடும். இதில் பாதியாக 33 கிலோமீட்டர் ஓட வேண்டும். 2,000 கிலோமீட்டர் தூரத்துக்குக் கண்ணாடியில் ஏறக்குறைய 10 மில்லிவினாடி ஆகிற பயணம், காற்றில் 7 மில்லிவினாடிக்குள் முடிந்துவிடும்.

கேள்விகள் இருந்தால் கேளுங்கள். இறகை அப்படியே பின் வரிசைக்கும் அனுப்புங்கள்.