பிங்க் படங்களில் நடித்தவரா ரென் ஓசுகி? ஒரு நேயரின் கேள்விக்கு விளக்கம்

நேயர் ஒருவர் கேட்டிருக்கிறார்: "‘ஹனா-பி’ படத்தில் சக்கர நாற்காலியில் வருகிற ஜப்பானிய நடிகர் ரென் ஓசுகி, முன்பு ஆபாசப் படங்களில் நடித்தவர் என்கிறார்களே, உண்மையா? அப்படிப்பட்டவருக்குப் பிறகு எப்படி இவ்வளவு மரியாதை கிடைத்தது?"

உண்மைதான். 1980-இல் பன்மெய் தகஹாஷி இயக்கிய பிங்க் படம் ஒன்றில்தான் அவர் திரைக்கு வந்தார். அதன்பின் பல ஆண்டுகள் அங்கேயே நிறைய நடித்தார். ஆனால் "பிறகு எப்படி" என்று கேட்கிறீர்களே, அதை மட்டும் நான் ஏற்க மாட்டேன். அந்த மரியாதைக்கான உழைப்பே அங்கேதான் தொடங்கியது.

பிங்க் படம் என்பது ஜப்பானில் சிறு நிறுவனங்கள் வயது வந்தோருக்காக எடுத்த படம். நீளம் ஏறக்குறைய ஒரு மணி நேரம், சொற்பப் பணம், சில நாட்களில் படப்பிடிப்பு முடிந்துவிடும். படுக்கையறைக் காட்சிகள் கேட்ட அளவுக்கு இருந்துவிட்டால், மீதிக் கதையில் யாரும் இயக்குநருக்குக் குறுக்கே நிற்க மாட்டார்கள். இயக்குநர்கள் கியோஷி குரோசவாவும் மசயுகி சுவோவும் அங்கிருந்து வந்தவர்கள்தாம்.

சுவோவின் முதல் படம் 1984-இல் வந்தது. பிங்க் படம்தான். ஆனால் தொடக்கம் முதல் கடைசி வரை, குடும்பக் கதைகளுக்குப் பெயர்போன பழைய இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் பாணி: தரையோடு ஒட்டிய கேமரா, அசையாத சட்டகம், மூத்த மகனுக்குத் திருமணம் முடித்த வீடு. அதில் தந்தை வேடம் ஓசுகிக்கு. அப்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு, முப்பத்துமூன்றுதான் இருக்கும்! ஓசுவின் படங்களில் தந்தையாக வரும் சிஷு ரியூவைப் போலவே நிதானமாகத் தலையசைக்கிறார், மெல்லச் சிரிக்கிறார். வீட்டுக்குள் என்ன நடந்தாலும் அந்த முகம் மாறுவதில்லை. கேலிக்கூத்தாகப் போயிருக்க வேண்டிய வேடத்தில் ஒரு முதியவரின் தனிமையைக் கொண்டுவந்துவிடுகிறார்.

இந்த அடக்கம் நாடக மேடையில் பழகியது. ஷோகோ ஓட்டாவின் டென்கெய் கெகிஜோ நாடகக் குழுவில், 1988-இல் அது கலையும் வரை அவர் இருந்தார். பேச்சே இல்லாமல், மிக மெதுவாக அசைந்து நடிக்கும் நாடகங்களுக்குப் பெயர்போன குழு அது.

நாற்பதைத் தாண்டிய பிறகு, 1993-இல், இயக்குநர் தகேஷி கிடானோவின் ‘சோனாட்டின்’ கிடைத்தது. 1997-இல் ‘ஹனா-பி’. வெனிஸ் திரைப்பட விழாவின் முதன்மை விருதான தங்கச் சிங்கத்தை வென்ற படம். அதில் ஓசுகி, சுடப்பட்டு நடக்க முடியாமல் போன காவலர் ஹோரிபே. மனைவியும் மகளும் விட்டுப் போய்விட்டார்கள். ஒரு பூக்கடை முன்னால் நாற்காலியை நிறுத்திப் பூக்களைப் பார்த்துக்கொண்டே இருக்கிறார். நடுநடுவே, பூவையே தலையாகக் கொண்ட விலங்குகளின் ஓவியங்கள் வந்து போகின்றன, கிடானோவே வரைந்தவை. ஓசுகி ஒரு சொல் பேசுவதில்லை, பார்க்கிறார், அவ்வளவுதான். இந்த மனிதன் இனித் தூரிகையை எடுப்பான் என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

பெயர் வந்த பிறகும் சின்ன வேடம், பெரிய வேடம் என்று அவர் பிரித்துப் பார்க்கவில்லை. "முந்நூறு முகம் கொண்டவர்" என்றே அவரை அழைத்தார்கள். 2018 பிப்ரவரி 21 அன்று, ஒரு தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்புக் காலத்திலேயே, 66 வயதில் திடீர் இதயச் செயலிழப்பால் இறந்தார். மரண தண்டனைக் கைதிகளைச் சந்திக்கும் பாதிரியாராக அவர் நடித்து, தயாரிப்பிலும் பங்கெடுத்த படம் அதே ஆண்டு அக்டோபரில் வெளிவந்தது.

எதிலிருந்து தொடங்கலாம் என்றால், முதலில் ‘ஹனா-பி’ பாருங்கள். அதற்குப் பிறகு சுவோவின் அந்த 1984 படம். வயது வந்தோருக்கானது, வீட்டில் குழந்தைகள் இல்லாத நேரமாகப் பார்த்துக்கொள்ளுங்கள்.