குப்பமேனின்னு ஏன் பேரு வந்துச்சு

எல்லாருக்கும் வணக்கம். என் கையில இருக்கறது என்னன்னு பின்னாடி உக்காந்திருக்கவங்களுக்குத் தெரியுதா? குப்பமேனி. காலையில இங்க வர்ற வழியில ஒரு சுவத்தோரமா நின்னுச்சு, வேரோட புடுங்கிட்டு வந்துட்டேன். வேரை மட்டும் தனியா வெட்டி இந்தப் பைக்குள்ள இறுக்கிக் கட்டி வச்சிருக்கேன், அது எதுக்குன்னு அப்புறம் சொல்றேன்.

நான் வைத்தியன் இல்ல, தாவரவியல் படிச்சவனும் இல்ல. செடிங்களோட பேரைக் கேட்டு எழுதி வச்சுக்கற ஆளு, அவ்வளவுதான். அதுல என்னை ரொம்ப நாளா விடாம புடிச்சு வச்சிருக்கற பேரு இது. ஏன்னா அழகான செடிக்கு அழகான பேரு வைக்கறது பெரிய விஷயம் இல்ல, மல்லின்னு வைக்கலாம் முல்லைன்னு வைக்கலாம், ஆனா யாரும் விதைக்காம, தண்ணி ஊத்தாம, மழை பேஞ்ச மறு வாரம் தானா மொளச்சு நிக்கற ஒரு களைக்கு நம்ம ஆளுங்க ஒண்ணு இல்ல, நாலஞ்சு பேரு வச்சிருக்காங்கன்னா, எத்தனை பேரு குனிஞ்சு அதைப் பாத்திருக்கணும்னு யோசிங்க.

முதல்ல செடியைப் பாத்துருவோம். முழங்கால் உசரம்தான் வளரும். இலை ஓரம் ரம்பம் மாதிரி பல்லு பல்லா இருக்கும். இப்படி மேல இருந்து பாருங்க, கீழ இருக்கற இலைக்கு காம்பு நீளம், மேல போகப் போக காம்பு குட்டையாகிட்டே வருது, அதனால ஒரு இலை நிழலு இன்னொரு இலை மேல அதிகமா விழாது, எல்லா இலைக்கும் வெயில் கிடைக்கும். இதுக்கு இலை மொசைக்னு பேரு, காலேஜ் தாவரவியல்ல இதுக்கு உதாரணமா குப்பமேனியத்தான் காட்டுவாங்க. பூவுன்னு சொன்னா கதிர் மாதிரி ஒண்ணு நீட்டிட்டு இருக்கும், அதுல சின்னச் சின்ன பச்சைக் கிண்ணம், அந்தக் கிண்ணத்துக்குள்ள பெண்பூ. கலர் எதுவும் கிடையாது, எல்லாமே பச்சை, அதனாலதான் யாரு கண்ணுலயும் படறதில்ல.

இப்ப பேருக்கு வருவோம். குப்பை, மேனி. ரெண்டே சொல்லு.

குப்பைன்னா நமக்கு இன்னைக்கு கழிவு, அசிங்கம், தூக்கிப் போடறது. ஆனா இந்தச் சொல்லு அப்படிப் பொறக்கல. குப்பைன்னா குவியல். நற்றிணையில உமணர், அதாவது உப்பு விக்கறவங்க, குவிச்சு வச்ச உப்பைப் பத்திச் சொல்லும்போது குன்று போல் குப்பைன்னு வருது, யாரும் உப்பைக் கழிவுன்னு சொல்ல மாட்டாங்க இல்லையா, அங்க அது குவியல், அதுவும் செல்வக் குவியல். தெலுங்குல இன்னைக்கும் குப்பன்னா குவியல்தான். நம்ம விவசாயிங்க பேச்சுல பாருங்க, வயலுக்கு குப்பை அடிக்கறதுன்னா எருவை வண்டியில கொண்டுபோய்க் கொட்டறது. சாணி, சாம்பல், தழை, மாட்டுக்குப் போட்டு மிஞ்சின வைக்கோல் எல்லாம் மக்கி கருப்பா கிடக்கும், அதுதான் குப்பை, வயலுக்கு சோறு அது. அது சேந்து கிடக்கற இடம் குப்பமேடு. பிளாஸ்டிக் வந்து கலந்த பிறகுதான் குப்பையை அள்ளி வயல்ல போட முடியாதுன்னு ஆச்சு, சொல்லோட மானமும் அதோட போச்சுன்னு நான் நினைக்கிறேன்.

அந்த எருமேட்டுல, சத்து நெறஞ்ச மண்ணுல, ரெண்டு செடி தானா வரும். ஒண்ணு குப்பைக்கீரை, அதைப் பறிச்சு கடைஞ்சு சாப்பிடுவோம். இன்னொண்ணு குப்பமேனி. ரெண்டு பேருலயும் இடம்தான் முன்னாடி நிக்குது. குப்பைக்கீரைங்கற பேரைக் கேட்டு யாரும் மூக்கைப் புடிச்சுக்கறதில்ல, ஆனா குப்பமேனின்னா மட்டும் என்னவோ மட்டமா கேக்குது.

அடுத்தது மேனி. உடம்பு. இங்கதான் சண்டை. நெறைய பேரு சொல்ற விளக்கம் என்னன்னா, குப்பையா கிடக்கற மேனியை, அதாவது சொறி சிரங்கு புடிச்சு கெட்டுப்போன உடம்பை சரி பண்றதால குப்பைமேனின்னு பேரு. யூடியூப்ல போய் பாருங்க, பத்து வீடியோவுல ஒம்போது இதைத்தான் சொல்லும். கேக்க நல்லா இருக்கு, நானும் ரொம்ப வருஷம் இதைத்தான் மத்தவங்களுக்குச் சொல்லிட்டு இருந்தேன். அப்புறம் எழுதி வச்ச பேரையெல்லாம் ஒரு நாள் வரிசையா உக்காந்து பாக்கும்போதுதான் ஒரு சந்தேகம் வந்துச்சு. தமிழன் ஒரு செடிக்கு அது தீக்கற நோயை வச்சு பேரு வைக்கும்போது என்ன பண்றான்? முடக்கறுத்தான்னு வைக்கறான், நாம இப்ப முடக்கத்தான்னு சொல்றது. முடக்கை அறுத்தான், வேலை செஞ்ச வினைச்சொல்லு பேருக்குள்ளயே நிக்குது. கல்லுருக்கின்னு வைக்கறான், கல்லை உருக்கறது. அந்தச் செடி நெசமாவே கல்லை உருக்குமாங்கறது வேற கேள்வி, நான் பேரு கட்டின விதத்தை மட்டும் சொல்றேன். குப்பமேனியில அறுக்கறதும் இல்ல, உருக்கறதும் இல்ல. சரி பண்றதுங்கற அர்த்தத்தை நாமளா வெளிய இருந்து கொண்டுவந்து வைக்க வேண்டி இருக்கு. தோலுக்காக வச்ச பேருன்னா சொறியறுத்தான்னு வச்சுட்டுப் போயிருப்பாங்களே.

அதனால என் கணக்கு இதுதான். குப்பையில மேனி கொண்டது, குப்பமேட்டையே தன் உடம்பா ஆக்கிக்கிட்டு நிக்கறது. இது முதல்ல வந்த பேரு. அந்த இலையை அரைச்சு உப்போ மஞ்சளோ சேத்து சொறிக்குப் பூசறது எல்லா வீட்டுலயும் பழகிப் போனதுக்கு அப்புறம், மேனிங்கற சொல்லு ஏற்கெனவே அங்க இருந்ததால, அதுக்கு ரெண்டாவது அர்த்தம் தானா வந்து ஒட்டிக்கிச்சு. பொன்னாங்கண்ணியை பொன் ஆம் காண் நீன்னு பிரிச்சு சொல்றாங்க பாருங்க, அதே மாதிரி. தப்புன்னு நான் சொல்ல வரல, ஜனங்க ஒரு பேரை வாயில வச்சு சுவைச்சுகிட்டே இருந்தா இப்படித்தான் புதுசா அர்த்தம் ஊறும். இன்னொண்ணும் எனக்குத் தோணும், இது முழுக்க என் யோசனைதான், மேனின்னா வெளைச்சலுக்கும் சொல்றது உண்டு, இந்த வருஷம் மேனி நல்லா இருக்குன்னு வயக்காட்டுல சொல்வாங்க. எருக்குவியல்ல விதைக்காம வந்த வெளைச்சல், குப்பையோட மேனி. இப்படி நினைச்சுப் பாக்கறப்ப எனக்கு இந்தச் செடி மேல இன்னும் கொஞ்சம் பிரியம் கூடிப்போகுது.

இந்தப் பேரு எவ்வளவு தூரம் போச்சுன்னு சொல்றேன் கேளுங்க. மலையாளத்துல குப்பமேனி. சிங்களத்துல குப்பமேனியா. மலபார்ல டச்சுக்காரங்களோட அதிகாரியா இருந்த ஹெண்ட்ரிக் வான் ரீட், இட்டி அச்சுதன்ங்கற வைத்தியர்கிட்டயும் இன்னும் பல பேருகிட்டயும் கேட்டுக் கேட்டு, மலபார் செடிங்களைப் பத்தி ஹோர்தூஸ் மலபாரிக்கூஸ்னு 12 தொகுதி புத்தகம் போட்டாரு, 1678-ல ஆரம்பிச்சு 1693 வரைக்கும் ஆம்ஸ்டர்டாம்ல அச்சாச்சு, அதுல இந்தச் செடி குப்பமேனிங்கற பேருலயே படத்தோட இருக்கு. அடுத்த நூற்றாண்டுல, 1753-ல, லின்னேயஸ்ங்கற ஸ்வீடன் நாட்டு தாவரவியல் அறிஞர் இதுக்கு அகாலிஃபா இண்டிகான்னு லத்தீன் பேரு வச்சாரு. அகாலிஃபாங்கறது கிரேக்கத்துல தொட்டா அரிக்கற செடியோட பேரு. ஆனா குப்பமேனியைத் தொட்டா அரிக்காது, இலை பாக்க அந்த ஜாடையில இருக்கும், அவ்வளவுதான். நம்ம பக்கம் தொட்டா உடம்பெல்லாம் தடிச்சுப்போற செடி காஞ்சொறி, அதுக்கு சரியா அந்தப் பேரையும் குடுத்து வச்சிருக்காங்க. தூரத்துல இருந்து காஞ்ச செடியைப் பாத்து பேரு வச்சவருக்கும், கூடவே வாழ்ந்து பேரு வச்சவங்களுக்கும் உள்ள வித்தியாசம் இது. அப்புறம் 1763-ல அடன்சோன்னு ஒரு பிரெஞ்சுக்காரர், அவரு உள்ளூர் பேருங்களை மதிச்சு எடுத்துக்கறவரு, இந்தப் பேரினத்துக்கே, அதாவது இதோட சொந்தக்காரச் செடிங்க மொத்தத்துக்குமே, குப்பமேனின்னு லத்தீன் எழுத்துல வச்சுட்டாரு. லின்னேயஸ் வச்சது முந்தினதுங்கறதால அந்தப் பேரு நிக்கல. நின்னிருந்தா ஒலகத்துல இருக்கற நூத்துக்கணக்கான அகாலிஃபா வகைங்க எல்லாம் இன்னைக்கு குப்பமேனிங்கதான். ஆடாதொடை விஷயத்துல நம்ம சொல்லு தப்பிச்சுது, ஆடு தொடாத இலைன்னு நாம வச்ச பேரு ஜஸ்டீசியா அதடோடான்னு லத்தீன் பேருலயே உக்காந்திருக்கு.

இப்ப இன்னொரு பேரு. பூனைவணங்கி. எனக்கு இதுதான் ரொம்பப் புடிச்சது.

ரொம்ப நாளு இதைக் கதைன்னுதான் நினைச்சேன். ஒரு தடவை வீட்டுப் பின்னாடி களை புடுங்கிட்டு இருந்தேன், குப்பமேனியை வேரோட புடுங்கி ஓரமா போட்டுட்டு கை கழுவ உள்ள போயிட்டு வந்து பாத்தா, யாருகிட்டயும் ஒட்டாம மதில் மேலயே திரியற ஒரு பூனை, அந்த வேரு மேல தலையைத் தேய்ச்சுகிட்டு, மல்லாக்கப் புரண்டு, முன்னங்காலால வேரை அணைச்சுப் புடிச்சு கடிச்சுகிட்டு இருக்கு, எச்சி ஒழுகுது. நான் கிட்ட போய் நின்னேன், என்னைக் கண்டுக்கவே இல்ல. செடி மண்ணுல நிக்கற வரைக்கும் அதே பூனை எத்தனையோ தடவை அதைத் தாண்டிப் போயிருக்கும், ஒண்ணும் பண்ணலை, வேரு வெளிய வந்தாத்தான் இந்த ஆட்டம். தலையைத் தரையில வச்சு வச்சு தேய்க்கறதைப் பாத்தப்பதான் வணங்கிங்கற சொல்லு எனக்குப் புரிஞ்சுது. அது நெசமாவே கும்புடற மாதிரிதான் இருக்கும்.

சித்த மருத்துவத்துல இதுக்கு மார்ச்சாலமோகினின்னும் ஒரு பேரு உண்டு. மார்ச்சாலம்னா பூனை, பூனையை மயக்கற மோகினி. அரிமஞ்சரின்னு இன்னொண்ணு, பச்சைப் பூங்கொத்துன்னு அர்த்தம், அந்தக் கதிரைப் பாத்து வச்சது. மலாய் மொழியில கூச்சிங் காலாக்குன்னு சொல்றாங்க, கூச்சிங்னா பூனை. வேற மண்ணு, வேற மொழி, அதே பூனை, அதே வேரு. 2016-ல ஆஸ்திரேலியாவுல ஆராய்ச்சி பண்ணினவங்க பூனையை இழுக்கற பொருள் எதுன்னு இந்த வேருல இருந்து பிரிச்சு எடுத்தாங்க, பூனைங்க மயங்கறதுக்குப் பேர் போன கேட்னிப் செடியில இருக்கற நெப்பெட்டலாக்டோனுக்கு அது நெருங்கின சொந்தம்.

வணங்கின்னு முடியற இன்னொரு செடி இருக்கு, யானைவணங்கி. அது பெருநெருஞ்சில். அங்க யானை ஆசையில வணங்கல, முள்ளுக்காய் பாதத்துல ஏறினா அவ்வளவு பெரிய உருவமும் குனிஞ்சுதான் ஆகணும்னு வச்ச பேரு. அந்தச் செடியோட ஒரு கொப்பை ஒடிச்சு தண்ணியில விட்டு நாலு சுத்து சுத்தினா தண்ணி முட்டை வெள்ளைக்கரு மாதிரி கொழகொழன்னு ஆயிடும், அதையும் செஞ்சு பாருங்க. ஒரே வணங்கி, ஒரு இடத்துல மயக்கம், ஒரு இடத்துல வலி, எந்த மிருகம்னு சொன்னாலே எதுன்னு கேக்கறவனுக்குப் புரிஞ்சுடுது.

இப்ப கடைக்குப் போனா குப்பைமேனி சோப்பு, குப்பைமேனி பொடின்னு விக்குது. குப்பைங்கற சொல்லை முகத்துல போடற சோப்பு லேபிள்ல கூச்சப்படாம அடிக்கறாங்க, இதுல எனக்கு சந்தோஷம்தான். ஆனா ஒரு விஷயத்தை இங்க அழுத்தமா சொல்லியாகணும், இதை லேசா எடுத்துக்காதீங்க. வெளிய பூசறது வேற, உள்ளுக்குச் சாப்பிடறது வேற. ஜி-6-பி-டின்னு நம்ம ரத்தச் சிவப்பணுவுல ஒரு நொதி இருக்கு, சில பேருக்கு பிறவியிலயே அது குறைச்சலா இருக்கும், பல பேருக்கு அந்தக் குறை தனக்கு இருக்குன்னே தெரியாது. அப்படிப்பட்டவங்க குப்பமேனி சேத்த இலைக்கஞ்சி குடிச்சு, சிவப்பணு ஒடஞ்சு போய் ஆஸ்பத்திரியில சேந்ததை இலங்கை டாக்டருங்க 1996-லயே எழுதி வச்சிருக்காங்க. சிறுநீர் கருப்பா போறது, கண்ணு மஞ்சளாகறது இதெல்லாம் அதுக்கு அடையாளம். தானா மொளைச்சது, குப்பையில கிடைச்சது, என்ன பண்ணிடப் போகுதுன்னு குழந்தைங்களுக்கு சாறு பிழிஞ்சு குடுக்கறதை தயவுசெஞ்சு நிறுத்துங்க, படிச்ச வைத்தியர்கிட்ட கேக்காம வேண்டாம். பேரு மேல எனக்கு இருக்கற காதலுக்காக இதைச் சொல்லாம விட்டா அது தப்பு.

சரி, பைக்கு வருவோம். இதுல ஏழு வேரு இருக்கு, வரும்போது ரெண்டு தெரு சுத்திதான் சேத்தேன். பூனை வச்சிருக்கறவங்க எத்தனை பேரு? கையைத் தூக்குங்க. அஞ்சு, ஆறு... அங்க ஓரத்துல ஒண்ணு, ஏழு, சரியா இருக்கு. வந்து வாங்கிக்கோங்க, இன்னைக்கு சாயந்திரமே வீட்டு வாசல்ல போட்டுப் பாருங்க, காஞ்சு போறதுக்கு முன்னாடி போடுங்க, வேரை அது முழுங்கறதுக்குள்ள எடுத்துருங்க. அப்படியே உங்க பக்கம் இந்தச் செடிக்கு நான் சொல்லாத பேரு ஏதாவது வழக்கத்துல இருந்தா, இந்த நோட்டுல எழுதிட்டுப் போங்க, யாரு வாயில கேட்டீங்கங்கறதையும் சேத்து எழுதுங்க. பேனா உள்ளயே சொருகி வச்சிருக்கேன்.