மொரப்பூரில் இறங்கிய சிப்பாய்

(பாப்பாரப்பட்டி வாசகர் வட்டக் கூட்டத்தில் பேசியது)

அவைத் தலைவர் அவர்களே, வேலைகளுக்கு நடுவே வந்திருக்கும் வட்டாட்சியர் அம்மா அவர்களே, பொன்னாடை போர்த்திய பேரூராட்சித் தலைவர் அவர்களே, காசு வாங்காமல் மைக் செட் கொடுத்த தம்பி, அனைவருக்கும் வணக்கம். சிறையில் பிடித்த தொழுநோயோடு அலைந்து, 1925-இல் சுப்பிரமணிய சிவா கண்மூடிய ஊர் இது. அவரை வணங்கித் தொடங்குகிறேன்.

மூன்று செய்தி சொல்ல வந்தேன்: நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் செத்தவர்கள், அதன் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படைப் பெண்கள், வீட்டில் காத்திருந்தவர்கள்.

1943-இல் நேதாஜி சிங்கப்பூர் வந்தார். மலேயாவில் ரப்பர் மரத்தில் பால் வெட்டிய தமிழர்கள் துப்பாக்கி தூக்கினார்கள். அடுத்த வருஷம் மணிப்பூரின் இம்பாலை நோக்கிப் படையெடுப்பு. குண்டுபட்டுச் செத்தவர்களைவிடப் பட்டினியிலும் மலேரியாவிலும் சீதபேதியிலும் செத்தவர்களே அதிகம். அடைமழையில் பின்வாங்கினார்கள், அரிசி இல்லை, மருந்து இல்லை. நாம் ‘டெல்லி சலோ’ என்று விழாவில் கோஷம் போடுகிறோம். எருதின் நோவு காக்கைக்குத் தெரியுமா?

எங்கள் பக்கத்துப் பெரியவர் ஒருவர். பெயர் வேண்டாம், பேரன் இங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். பிழைக்க மலேயா போய், படையில் சேர்ந்து, 1946-இல் திரும்பியவர். 1972-இல் தியாகி பென்ஷன் வந்தது. மனு கொடுத்தார். சிறைச் சான்று எங்கே என்றார்கள். பர்மாவில் அடைத்துவைத்த வெள்ளைக்காரன் சீட்டா கொடுத்தான்? சரி, கூட இருந்த இரண்டு பேரிடம் எழுதி வாங்கி வாருங்கள் என்றார் எழுத்தர். “கூட இருந்த ரெண்டு பேரையும் பர்மாவிலே சின்ட்வின் ஆத்தங்கரையிலே நானேதாங்க புதைச்சேன். தோண்டிக் கூட்டியாரட்டுங்களா?” எழுத்தர் முழித்தார். அப்புறம், “அதையே மனுவில் எழுதுங்க” என்றாராம். எழுதினார். மனு திரும்பி வந்தது: ‘புதைத்ததற்குச் சான்று இணைக்கப்படவில்லை.’ (சிரிப்பு, கைதட்டல்.) சிரிக்காதீர்கள் ஐயா. எருதின் நோவு காக்கைக்குத் தெரியுமா?

அந்தப் பெரியவர் கப்பலேறப் போனபோது தருமபுரியிலேயே ரயில் ஏறியவர். 1906-இல் வந்த மொரப்பூர்–தருமபுரி சின்னப் பாதை. திரும்பி வந்து மொரப்பூரில் இறங்கினால் ரயிலைக் காணோம்; யுத்த காலத்தில், 1941-இல் மூடிவிட்டார்கள். வீங்கிய காலோடு நடந்தே ஊர் சேர்ந்தார். அந்தப் பாதைக்காகத்தான் நான் மனுவோடு ஊர் ஊராக அலைகிறேன். ராணுவத்துக்கும் ரயிலுக்கும் என்ன சம்பந்தம் என்று செயலாளர் முறைக்கிறார். சம்பந்தத்தை அந்தக் காலிடம்தான் கேட்க வேண்டும்.

தலைவர் மணியைத் தொடுகிறார். ஜான்சி ராணிப் படையும் காத்திருந்தவர்களும் அடுத்த கூட்டத்துக்கு. வாசல் மேசையில் ரயில் மனு இருக்கிறது, கையெழுத்துப் போட்டுவிட்டு டீ குடிக்கப் போங்கள். பேனா என்னுடையது, யாரும் பையில் போட்டுக்கொள்ள வேண்டாம்.