ஒண்ணு போடத் தெரியாத 15 எம்.பி.க்கள் | துணை ஜனாதிபதி தேர்தல், என் புலம்பல்

15 ஓட்டுங்க. 15! வணக்கமெல்லாம் அப்புறம் சொல்றேன், முதல்ல இதைக் கொட்டிடறேன். 2025 செப்டம்பர் 9ஆம் தேதி, செவ்வாய்க்கிழமை துணை ஜனாதிபதி தேர்தல் நடந்துச்சு, அன்னிக்கு ராத்திரியே ரிசல்ட்டும் சொல்லிட்டாங்க. மொத்தம் 781 எம்.பி.க்களுக்கு ஓட்டு. 767 பேர் வந்து போட்டாங்க. அதுல செல்லாத ஓட்டு 15!

அப்படி என்ன பெரிய கணக்கா போடச் சொன்னாங்க? சீட்டுல ரெண்டே பத்தி. ஒண்ணுல வேட்பாளர் பேரு, பக்கத்துல காலி இடம். வேணும்கிற ஆளு பேருக்கு நேரா 1னு போடணும். அவ்வளவுதான். அடுத்த ஆளுக்கு 2 போடறதுகூட உங்க இஷ்டம். பேனாவை அங்கேயே கையில கொடுத்துடுவாங்க, அந்தப் பேனாவுல மட்டும்தான் போடணும். எண்ணை ரோமன்ல போடலாம், இந்திய மொழி எது வேணாலும் அந்த எழுத்துல போடலாம். நம்ம ஊர் எம்.பி. ஒருத்தர் அழகா ‘௧’னு போட்டுட்டு வந்தாலும் செல்லும்ங்க! ‘ஒன்று’னு எழுத்தால எழுதினாத்தான் செல்லாது. டிக் அடிச்சாலும் செல்லாது.

இதுக்கு ஒத்திகை வேற. எதிர்க்கட்சிக்காரங்க முந்தின நாளே உட்கார வச்சு மாதிரி ஓட்டு போட வச்சாங்க. ஆளுங்கட்சிப் பக்கமும் எம்.பி.க்களுக்குத் தனியா வகுப்பு நடந்துச்சு. எல்லாம் முடிஞ்சும் 15. சரி, இந்த ஒரு தடவைதான் போலன்னு பழசைத் தேடினேன். 2022ல 725 பேர் போட்டாங்க, செல்லாதது எவ்வளவு தெரியுமா? அதுவும் 15! 2017ல 771ல 11. நம்ம பாட்டி வாழ்க்கை முழுக்க ஓட்டுப் போட்டிருக்கு, ஒரு தடவை தப்பா குத்தியிருக்காதுங்க.

உடனே எல்லாருக்கும் வர்ற சந்தேகம் எனக்கும் வந்துச்சு. தெரியாம செல்லாம போச்சா, தெரிஞ்சே செல்லாம போட்டாங்களா? இது ரகசிய வாக்கெடுப்பு, இன்னாருக்குத்தான் போடணும்கிற கட்சிக் கொறடா உத்தரவு இதுக்குக் கிடையாது. எதிர்க்கட்சிப் பக்கம் 315 பேர் வந்து போட்டோம்னு சொன்னாங்க. எண்ணிப் பார்த்தா அவங்க வேட்பாளர் சுதர்சன் ரெட்டிக்கு 300. ஆளுங்கட்சி வேட்பாளர் சி.பி.ராதாகிருஷ்ணனுக்கு 452. அந்த இடைவெளியில யாரு என்ன பண்ணாங்கன்னு சீட்டைப் பார்த்துக் கண்டுபிடிக்க வழியே இல்ல.

சரி. வணக்கம் மக்களே! திருப்பூர்ல இருந்து உங்க வாயாடி. மொட்டை மாடியில உட்கார்ந்திருக்கேன், பின்னாடி பக்கத்துக் கம்பெனி ஜெனரேட்டர் சத்தம் கேட்கும், பழகின சத்தம்தானே, பொறுத்துக்கோங்க.

எனக்குக் கட்சி சாயம் பூசாதீங்கன்னு எத்தனையோ வீடியோல சொல்லியாச்சு. ஆனா நம்ம ஊர்க்காரர் சி.பி.ராதாகிருஷ்ணன், சுருக்கமா சி.பி.ஆர்., ராஜ்யசபாத் தலைவர் நாற்காலியில உட்கார்றாருன்னா சந்தோஷம் வரத்தான் செய்யும். செப்டம்பர் 12, வெள்ளிக்கிழமை பதவியேற்பு. 98லயும் 99லயும் கோயம்புத்தூர் எம்.பி.யா இருந்தவரு. அதுக்கப்புறம் 2004, 2014, 2019னு அதே தொகுதியில மூணு தடவை தோத்தவரு. நடுவுல கயிறு வாரியத் தலைவர், அப்புறம் ஜார்க்கண்ட் கவர்னர், மகாராஷ்டிரா கவர்னர். ஜனங்க ஓட்டுல மூணு தடவை விட்டதை எம்.பி.க்கள் ஓட்டுல ஒரே தடவையில பிடிச்சுட்டாரு.

ஆனா எங்க மாமா ஸ்டேட்டஸ் வச்சிருக்காரு பாருங்க, ‘முதல் தமிழ் துணை ஜனாதிபதி’ன்னு, பட்டாசு ஸ்டிக்கரோட. மாமா, 1952ல முதல் துணை ஜனாதிபதியே திருத்தணியில பொறந்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன்தான்! 1984ல ஆர்.வெங்கட்ராமன், தஞ்சாவூர் ஜில்லாக்காரர். தமிழ்நாட்டுல பொறந்தவங்கள்ல இவரு மூணாவது. போன் போட்டுச் சொன்னேன். ‘சரி, கொங்கு நாட்டுல முதல்’னு மாத்தி வச்சிட்டாரு. மனுஷன் விடமாட்டாரு.

இந்த வீடியோவுக்காகவே ஒரு கைடு வாங்கினேங்க. இதோ, அட்டை தெரியுதா? பேரை மறைச்சுத்தான் காட்டுவேன். போட்டித் தேர்வுக்கான அரசியலமைப்பு கைடு, ‘2025 புதிய பதிப்பு’. விலை 340 ரூபாய். கடைக்காரர்கிட்ட மல்லுக்கட்டி 300க்குக் கொண்டு வந்தேன், 40 ரூபா மிச்சம்னு வீட்டுக்கு வர்ற வழியெல்லாம் ஒரே பெருமை. பிரிச்சுப் பார்த்தா துணை ஜனாதிபதி பட்டியல் வெங்கையா நாயுடுவோட நிக்குது! அவருக்கு அடுத்து தன்கர் வந்து, இருந்து, ராஜினாமாவே பண்ணிட்டுப் போயிட்டாரு, இந்தப் புத்தகத்துக்குச் சேதியே போகல. அந்த ‘2025’ஐ நகத்தால சுரண்டினேன். ஸ்டிக்கர்! கீழ வேற வருஷம். சம்பளம்னு 1,25,000 போட்டிருக்கான். அது 2018லயே 4 லட்சம் ஆயிடுச்சுங்க. இதைப் படிச்சுட்டுப் போய் பரீட்சை எழுதற பிள்ளை என்ன ஆகும்? 300 ரூபா! ஒரு வாரம் டீக்காசு.

சம்பளம்னதும் ஞாபகம் வருது, இது எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம். துணை ஜனாதிபதிங்கிற பதவிக்குத் தனியா சம்பளமே கிடையாது. அந்த 4 லட்சம் ராஜ்யசபாத் தலைவர்ங்கிற வேலைக்கு. ஜனாதிபதி இடம் காலியாகி இவரு அந்த வேலையைப் பார்த்தா ஜனாதிபதி சம்பளம் வரும், அந்தச் சமயத்துல ராஜ்யசபா நாற்காலியில உட்காரக் கூடாது. நாட்டுலயே ரெண்டாவது பெரிய பதவின்னு நாம சொல்றோம், ஆனா தினசரி உத்தியோகம்னு பார்த்தா சபை நடத்தறது மட்டும்தான். அதனால இந்தப் பதவி என்னவா மாறுதுங்கிறது ராஜ்யசபா என்னவா மாறுதுங்கிறதைப் பொறுத்தது. கையெழுத்துப் போட்டே சொல்வேன்.

அந்தக் காலத்துல ஆளை எப்படிப் பிடிச்சாங்க பாருங்க. சர்வபள்ளி ராதாகிருஷ்ணன் தத்துவப் பேராசிரியர், மாஸ்கோவுல தூதரா இருந்தவரு. 52லயும் 57லயும் போட்டியே இல்ல. ஜாகிர் உசேன் கல்வியாளர். 1979ல ஹிதாயத்துல்லா, முன்னாள் தலைமை நீதிபதி, போட்டியின்றி. 1987ல சங்கர் தயாள் சர்மா, அவரும் போட்டியின்றி. 1992ல கே.ஆர்.நாராயணனுக்குப் போட்டி இருந்துச்சு, ஆனா செல்லுபடியான 701 ஓட்டுல 700 அவருக்கு! கட்சிகள் உட்கார்ந்து பேசி, ‘சரி, இவரு நடுவுல உட்கார்ந்தா நமக்கும் பரவாயில்ல’ன்னு ஒத்துக்கிட்ட ஆளுங்க இவங்க. கல்யாணப் பேச்சுல ரெண்டு வீட்டுக்கும் நடுவுல ஒரு பெரியவரை உட்கார வைப்போமே, அந்த மாதிரி. இப்ப ரெண்டு பக்கமும் அவங்கவங்க ஆளை அறிவிச்சுட்டுத்தான் ஆதரவு கேட்கவே ஆரம்பிக்கிறாங்க. தன்கருக்கு 2022ல 528, மார்கரெட் ஆல்வாவுக்கு 182. இந்தத் தடவை 452–300. ஓட்டு நெருக்கமாகறது தேர்தலுக்கு நல்லதுதான். ஆனா தோத்த 300 பேரையும் நாளைக்கு அடக்கி உட்கார வைக்க வேண்டியது அதே ஆளு, அதுதான் வம்பு.

ஐயோ, டெபாசிட்டைச் சொல்லாம விட்டுட்டேன்! துணை ஜனாதிபதி தேர்தல்ல நிக்க டெபாசிட் 15,000 ரூபாய். சாதாரண லோக்சபா எம்.பி. சீட்டுக்கு 25,000! நாட்டோட ரெண்டாவது பதவிக்கு 10,000 ரூபாய் கம்மி. சிரிக்காதீங்க, அதுக்காக நீங்களும் நானும் நின்னுட முடியாது. 20 எம்.பி. முன்மொழியணும், 20 எம்.பி. வழிமொழியணும். 97க்கு முன்னாடி இது அஞ்சும் அஞ்சும்தான். இன்னொண்ணு, இந்தத் தேர்தல்ல எம்.எல்.ஏ.க்களுக்கு ஓட்டே கிடையாது, ஜனாதிபதி தேர்தல்லதான் உண்டு. ஆனா நியமன எம்.பி.க்களுக்கு இதுல ஓட்டு உண்டு. அதாவது நம்ம இளையராஜாவுக்கு இருக்கு, தமிழ்நாட்டு எம்.எல்.ஏ. ஒருத்தருக்குக்கூட இல்ல.

மாமாவோட அடுத்த ஸ்டேட்டஸ் என்னன்னா, ‘அடுத்து ஜனாதிபதி’. இருங்க மாமா. சர்வபள்ளி ராதாகிருஷ்ணன், ஜாகிர் உசேன், வி.வி.கிரி, வெங்கட்ராமன், சர்மா, நாராயணன்னு ஆறு பேர் இந்த நாற்காலியில இருந்து மேல போனாங்க. கடைசியா போன நாராயணன் போனது 1997ல. அதுக்கப்புறம் கிருஷண் காந்த் பதவியில இருக்கும்போதே இறந்துட்டாரு. ஷெகாவத் ஜனாதிபதி தேர்தல்ல நின்னு தோத்தாரு. அன்சாரி ரெண்டு தடவை, பத்து வருஷம் இருந்தும் அப்படியே ஓய்வு. வெங்கையா ஓய்வு. ஏணியில அந்தப் படியைக் கழட்டி கிட்டத்தட்ட 30 வருஷம் ஆச்சு.

கிரி பேரு வந்ததால அதையும் சொல்லிடறேன், எனக்கு இந்தக் கதைன்னா உயிரு. 1969 மே மாசம் ஜாகிர் உசேன் இறந்துட்டாரு. துணை ஜனாதிபதி கிரி, ஜனாதிபதி வேலையைப் பார்க்கறாரு. ஜூலை 19, 14 பேங்கை நாட்டுடைமையாக்குற அவசரச் சட்டத்துல கையெழுத்துப் போடறாரு. மறுநாளே ராஜினாமா! எதுக்கு? ஜனாதிபதி தேர்தல்ல நிக்கறதுக்கு. அப்ப ஜனாதிபதி வேலையை யாரு பார்த்தா? தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா. மேல சொன்னேனே, பத்து வருஷம் கழிச்சு துணை ஜனாதிபதியானாரே, அவரேதான். அந்தத் தேர்தல்ல கிரி ஜெயிச்சுட்டாரு.

இப்ப தன்கர். 2025 ஜூலை 21, மழைக்காலக் கூட்டத்தொடரோட முதல் நாள். பகல்ல சபையை நடத்தறாரு. ராத்திரி உடல்நலம்னு சொல்லி ராஜினாமா. வழியனுப்பு உரை இல்ல, ஒண்ணும் இல்ல. அதுக்கப்புறம் பல வாரம் ஆளை வெளியிலயே காணோம். எனக்கு அவரு சபை நடத்தின விதம் சுத்தமா பிடிக்காது. உறுப்பினருக்கு நேரம் பிரிச்சுக் கொடுக்கற ஆளே உறுப்பினரைவிட அதிகமா பேசினா எப்படி? சபைக்கு வெளியிலயும் விடல. தமிழ்நாட்டு கவர்னர் மசோதாக்களை நிறுத்தி வச்ச வழக்குல சுப்ரீம் கோர்ட் 2025 ஏப்ரல்ல தீர்ப்புச் சொன்னதும், முழு நீதி வழங்க அந்தக் கோர்ட்டுக்குத் தனி அதிகாரம் தர்ற 142ஆவது பிரிவை அணு ஏவுகணைன்னு சொன்னாரே, ஞாபகம் இருக்கா? 2024 டிசம்பர்ல அவரை நீக்கணும்னு எதிர்க்கட்சி எம்.பி.க்கள் 60 பேர் நோட்டீஸ் கொடுத்தாங்க. ஒரு துணை ஜனாதிபதி மேல அப்படி நோட்டீஸ் வந்தது அதுதான் முதல் தடவை. 14 நாள் முன்னறிவிப்பு சரியா வரலைன்னு துணைத் தலைவர் ஹரிவன்ஷ் தள்ளிட்டாரு. இவ்வளவு எனக்குப் பிடிக்காத ஆளுக்கும் சொல்றேன், ஒரு வழியனுப்பு கொடுத்திருக்கணும். சபைன்னா அந்த மரியாதை வேணும்ங்க.

அவரு மிச்சம் வச்ச ரெண்டு வருஷத்தைத்தான் சி.பி.ஆர். முடிக்கப் போறாருன்னு நிறைய பேரு நினைச்சுட்டு இருக்காங்க. இல்ல. நடுவுல வந்தாலும் முழுசா அஞ்சு வருஷம், 2030 செப்டம்பர் வரைக்கும். இதனால ஒரு வேடிக்கை என்னன்னா, 2027ல ஜனாதிபதி தேர்தல் வரும்போது துணை ஜனாதிபதி தேர்தல் கூடவே வராது. ரொம்ப நாளா ஜூலை ஒண்ணு, ஆகஸ்ட் ஒண்ணுன்னு ஜோடியா வந்துச்சு. கட்சிகள் ‘உனக்கு இது, எனக்கு அது’ன்னு பேரம் பேச வசதியா இருந்துச்சு. இனிமே அது கஷ்டம், எனக்கு அதுல ஒரு அற்ப சந்தோஷம்.

நான் பார்க்கப் போறது அவரு சபை நடத்தற விதத்தை. மத்த அலுவலை நிறுத்தி வச்சுட்டு ஒரு விஷயத்தை விவாதிக்கணும்னு எதிர்க்கட்சி நோட்டீஸ் கொடுத்தா மனுஷன் எடுக்கறாரா, எதிர்க்கட்சி எம்.பி. எழுந்தா பேச விடறாரா, அவ்வளவுதான் என் அளவுகோல். நம்ம ஊர்க்காரர்ங்கிறதுக்காக ஒரு மார்க்கும் சேர்த்துப் போடமாட்டேன்.

அம்மா கீழ இருந்து கூப்பிடறாங்க, மோட்டார் போடணுமாம். அந்த கைடை நாளைக்குக் கடையில திருப்பிக் கொடுக்கப் போறேன். பணம் தரலைன்னா அதுக்குத் தனி வீடியோ வரும், சொல்லிட்டேன். வரட்டுங்களா!