"ஒப்பற்ற" என்று எழுதியிருந்தால் அங்கே நில்லுங்கள்

(விக்கிப்பீடியா வாழ்க்கை வரலாற்றுக் கட்டுரைகளைச் சரிபார்ப்பது பற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)

அவையோருக்கு வணக்கம்.

விக்கிப்பீடியாவில் ஒருவரின் வாழ்க்கை வரலாற்றைச் சரிபார்க்கும்போது, சான்று பார்ப்பதை ஒரு வேலையாகவும் நடையைத் திருத்துவதை இன்னொரு வேலையாகவும் பலர் பிரித்து வைத்துக்கொள்கிறார்கள். முதலில் சான்று, நேரம் கிடைத்தால் நடை. பிரிக்க வேண்டாம் என்று சொல்லத்தான் இந்தப் பேச்சு. புகழ்ச்சி தடித்துக் கிடக்கும் வரியில்தான் தகவல் பிழையும் பெரும்பாலும் ஒளிந்திருக்கும்.

நமக்கெல்லாம் தெரிந்த ஜி. யு. போப்பையே எடுத்துக்கொள்வோம். கட்டுரையில் இப்படி ஒரு வாக்கியம் இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள்: "தமிழுக்காகவே வாழ்வை அர்ப்பணித்த ஒப்பற்ற துறவியான போப், தம் கல்லறையில் 'இங்கே ஒரு தமிழ் மாணவன் உறங்குகிறான்' என்று பொறிக்கச் செய்தார்." காதுக்கு இனிமை. மேடையில் சொன்னால் கைதட்டல் நிச்சயம். இதில் நான்கு செய்திகள் இருக்கின்றன. ஒவ்வொன்றையும் தனித்தனியே பிரித்துத் தாளில் எழுதுங்கள்.

முதலாவது, "தமிழுக்காகவே". அந்த ஏகாரம்தான் இங்கே சிக்கல். போப் 1839-இல் தமிழகம் வந்தது கிறித்தவ சமயப் பணியாளராக. சாயர்புரத்தில் சமயக் கல்வி நிலையம் நடத்தினார். பிறகு உதகமண்டலத்திலும் பெங்களூரு பிஷப் காட்டன் பள்ளியிலும் தலைமை ஏற்றார். சமயப் பணியை மறைத்து எழுதுவது நடுநிலை ஆகாது; அந்த ஒன்றையே பிடித்துக்கொண்டு தமிழ்ப் பணியைச் சந்தேகத்தோடு எழுதுவதும் ஆகாது. வந்த நோக்கம், செய்த வேலை இரண்டையும் அடுத்தடுத்து வைத்தால் போதும்.

இரண்டாவது, "ஒப்பற்ற". இதற்குச் சான்று எங்கும் கிடைக்காது, ஏனென்றால் இது செய்தியே இல்லை. அதை எடுத்துவிட்டு 1886-இல் திருக்குறள், 1893-இல் நாலடியார், 1900-இல் திருவாசகம் ஆகியவற்றை ஆங்கிலத்தில் வெளியிட்டார் என்று எழுதுங்கள். திருவாசகம் வந்தபோது அவருக்கு வயது எண்பது. ஒப்பு உண்டா இல்லையா என்பதைப் படிப்பவர் பார்த்துக்கொள்வார்.

மூன்றாவது, "துறவி". போப் இருமுறை மணம் செய்தவர். முதல் மனைவி இறந்த பின் மறுமணம் செய்துகொண்டார். அவர் ஆங்கிலிக்கத் திருச்சபையைச் சேர்ந்தவர். அங்கே குருமார் மணம் செய்துகொள்வது வழக்கமே. வீரமாமுனிவரின் துறவைப் போப்புக்கும் போர்த்திவிட்டது யாரோ ஒருவரின் உற்சாகம். ஒரு புகழ்ச்சொல் தவறான தகவலைக் கட்டுரைக்குள் கொண்டுவந்து சேர்ப்பது இப்படித்தான்.

நான்காவது, கல்லறை. போப்பின் கல்லறை ஆக்ஸ்போர்டில் செயின்ட் செபல்கர் இடுகாட்டில் இருக்கிறது. கல்லில் அவர் பெயரும், ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் தமிழ், தெலுங்கு விரிவுரையாளராகவும் பேலியல் கல்லூரியில் சமயகுருவாகவும் இருந்ததும், குடும்பத்தாரும் தென்னிந்தியத் தமிழ் நண்பர்களும் அந்தக் கல்லை வைத்தார்கள் என்பதும் உண்டு. 'தமிழ் மாணவன்' என்ற வாசகம் இல்லை. ஆனால் எத்தனையோ சிறப்பு மலர்களும் மேடைப் பேச்சுகளும் அதைச் சொல்லிக்கொண்டே இருக்கின்றன. ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதினால், நூறு இடத்தில் அச்சாகியிருந்தாலும் அது ஒரே சான்றுதான். அவற்றில் எந்த ஒன்றிலாவது கல்லை நேரில் படித்தவர் யார் என்ற குறிப்பு இருக்கிறதா என்று தேடுங்கள்.

இங்கே நுட்பமான ஒரு விஷயம். கல்வெட்டு முதல்நிலைச் சான்று. அதில் வெளிப்படையாக எழுதியிருப்பதை மேற்கோள் காட்டலாம். "ஆகவே தமிழகத்தில் சொல்லப்படுவது கட்டுக்கதை" என்று நாமே முடிவு கட்டி எழுதினால் அது சொந்த ஆய்வு. அந்த முடிவை வேறொருவர் ஆராய்ந்து அச்சில் வெளியிட்டிருந்தால் மட்டுமே அவரை மேற்கோள் காட்டி எழுதலாம். அப்படி ஒன்றும் கிடைக்காவிட்டால்? அந்த வரியை எடுத்துவிடுங்கள். ஒரு செய்தியைச் சேர்க்கத்தான் சான்று வேண்டும்; அதை விட்டுவிடச் சான்று தேவையில்லை.

அடுத்து, சுற்றிவரும் சான்று: விக்கிப்பீடியாவிலிருந்து எடுத்து எழுதிய செய்தியே திரும்பி வந்து விக்கிப்பீடியாவுக்குச் சான்றாவது. 2009 பிப்ரவரியில் ஜெர்மனியில் குட்டன்பெர்க் என்பவர் அமைச்சராகிறார். அவருடைய நீண்ட முழுப்பெயரின் நடுவே 'வில்ஹெல்ம்' என்று ஒரு பொய்ப் பெயரை யாரோ விக்கிப்பீடியாவில் செருகிவிட்டார்கள். ஓரிரு நாளில் பில்ட் நாளிதழ் முதல் பக்கத்தில் அந்தப் பெயரோடு அச்சிட்டது. ஸ்பீகல் இதழின் இணையதளமும் அப்படியே எழுதியது. விக்கிப்பீடியாவில் கேள்வி எழுந்தபோது அந்தச் செய்தியே சான்றாக வந்து நின்றது. அதே ஆண்டு இசையமைப்பாளர் மோரீஸ் ஜார் இறந்தபோது டப்ளின் மாணவர் ஒருவர் செருகிய போலி மேற்கோளைப் பெரிய நாளிதழ்கள் இரங்கல் குறிப்பில் வெளியிட்டன.

இதைக் கண்டுபிடிக்க வழி எளிது. ஒவ்வொரு திருத்தமும் பதிவாகும் கட்டுரையின் 'வரலாறு' பக்கத்தில் அந்தச் செய்தி எந்த நாளில் நுழைந்தது என்று பாருங்கள். சான்றாகக் காட்டிய செய்தி அதற்குப் பிந்தியது என்றால் எச்சரிக்கை. அந்தச் செய்தியாளர் நம்மிடமிருந்தே எடுத்திருக்கலாம். விக்கிப்பீடியாவில் ஏறும் முன்பே அச்சில் இருந்த நூலையோ இதழையோ தேடுங்கள். பழைய தமிழ் அச்சுக்குச் சென்னையின் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும், தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகமும், இலங்கை நூல்களுக்கு நூலகம் தளமும் இருக்கின்றன.

சான்று இருக்கிறது என்பதாலேயே அது அந்த வரியைத் தாங்குகிறது என்று ஆகிவிடாது. தொடக்கத்தில் பத்திக்கு மூன்று வாக்கியம், கடைசியில் ஒரு மேற்கோள் எண். இரண்டு ஆண்டு கழித்து ஒருவர் நடுவே இரண்டு வாக்கியம் சேர்க்கிறார். எண் அதே இடத்தில் நிற்கிறது. இப்போது ஐந்து வாக்கியத்துக்கும் அதுவே சான்று போலத் தெரியும். ஆகவே ஒவ்வொரு இணைப்பையும் திறந்து, அந்தச் செய்தியைச் சொல்லும் வரியைக் கண்ணால் பார்த்த பிறகே அடுத்த வாக்கியத்துக்குப் போங்கள். இணைப்பு செத்திருந்தால் வேபேக் மெஷினில் பழைய நகல் கிடைக்கலாம். அதன் முகவரியையும் மேற்கோளில் சேருங்கள். நூல் என்றால் பக்க எண் கட்டாயம். பக்க எண் இல்லாத நானூறு பக்க நூலை யாரும் சரிபார்க்கப் போவதில்லை.

மணிவிழா மலர், அணிந்துரை, பின்னட்டை, கண்ணீர் அஞ்சலி விளம்பரம் ஆகியவை வேண்டியவர்கள் எழுதுபவை. பிறந்த ஊர், படித்த பள்ளி போன்ற சர்ச்சையில்லாத செய்திக்கு எடுத்துக்கொள்ளலாம். "முதன்முதலில்" என்ற சொல்லுக்கு ஒருபோதும் அவற்றை நம்பாதீர்கள்.

தேதிகளில் தனிக் கவனம் வேண்டும். பழைய நூல்களில் பிரபவ, விபவ என்று ஆண்டுப் பெயர் மட்டும் இருக்கும். அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அதே பெயர் வரும்: பிரபவ 1867-இலும் 1927-இலும் 1987-இலும் பிறந்தது. சித்திரையில் ஆண்டு தொடங்குவதால் 1927-இல் பிறந்த பிரபவ ஆண்டின் தை மாதம் 1928-இல் விழும். இதைக் கவனிக்காமல் ஓராண்டு பிசகிய வாழ்க்கை வரலாறுகள் ஏராளம். தென்மாவட்டங்களின் கொல்லம் ஆண்டை ஆங்கில ஆண்டாக மாற்ற 824 கூட்ட வேண்டும். ஜனவரி முதல் ஆவணி பிறக்கும் வரை 825. நள்ளிரவு இன்னொரு பொறி. பாரதியார் இறந்தது 1921 செப்டம்பர் 11 இரவு கடந்து, 12 பிறந்த பிறகு. தமிழக அரசு மகாகவி நாளாகக் கொண்டாடுவது 11-ஐ. இரண்டு தேதியும் உலவுவதன் காரணத்தை ஒரு வரியில் எழுதிவிட்டால் திருத்தச் சண்டை ஓயும். அதே கட்டுரையில் "யானை தாக்கி இறந்தார்" என்று எவராவது மாற்றினால், திருவல்லிக்கேணியில் யானை தாக்கிய பின் அவர் தேறி ஈரோடு கருங்கல்பாளையம் சென்று பேசியதைக் காட்டுங்கள். அவர் இறந்தது வயிற்றுக்கடுப்பால்.

உயிரோடு இருப்பவர் பற்றிய கட்டுரைக்கு அளவுகோல் வேறு. 2005 மே மாதம் அமெரிக்கப் பத்திரிகையாளர் ஜான் சீகென்தாலர் கென்னடி சகோதரர்களின் கொலைகளில் சந்தேகிக்கப்பட்டவர் என்று ஒருவர் பொய் எழுதினார். நான்கு மாதம் அது அப்படியே நின்றது. அந்த டிசம்பரில்தான் பதிவு செய்யாதவர்கள் புதுக் கட்டுரை தொடங்குவதை ஆங்கில விக்கிப்பீடியா நிறுத்தியது. சான்றில்லாத அவதூறுக்கு "சான்று தேவை" என்று குறியிட்டுக் காத்திருக்கக் கூடாது. பார்த்தவுடன் நீக்க வேண்டும். வழக்கு என்றால் புகார், கைது, குற்றப்பத்திரிகை, தீர்ப்பு, மேல்முறையீடு என்று எந்தப் படியில் நிற்கிறது என்பதைத் துல்லியமாக எழுதுங்கள். கைது முதல் பக்கத்தில் வரும், விடுதலை உள்பக்கத்தில் நான்கு வரியாக வரும். அந்த நான்கு வரியைத் தேடிப் பிடிப்பது உங்கள் வேலை. நாற்பது ஆண்டு உழைத்த ஒருவரின் கட்டுரையில் ஒரு வாரச் சர்ச்சை பாதி இடத்தைப் பிடித்திருந்தால், ஒவ்வொரு வரிக்கும் சான்று இருந்தாலும் அது ஒருதலைப்பட்சமே. வீட்டு முகவரி, பிள்ளைகள் பெயர் வேண்டவே வேண்டாம்.

நடையில் தமிழுக்கே உரிய சில வலைகள் உண்டு. இயற்கை எய்தினார், இறைவனடி சேர்ந்தார், சிவபதவி அடைந்தார் ஆகிய ஒவ்வொன்றும் ஒரு நம்பிக்கைப் பக்கம் சாயும். இறந்தார் என்பதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை. 'ஆர்' விகுதியிலேயே மரியாதை இருக்கிறது, 'அவர்கள்' தேவையில்லை. பட்டத்தை யார், எந்த ஆண்டு கொடுத்தார் என்று ஓரிடத்தில் எழுதிவிட்டு மற்ற இடங்களில் பெயரை மட்டும் சொல்லுங்கள். "கூறப்படுகிறது" என்றால் கூறியவர் யார் என்று கேளுங்கள். "என்பது குறிப்பிடத்தக்கது" வந்தால் கைகூசாமல் வெட்டுங்கள். நாளிதழ்கள் அதை விடப்போவதில்லை, நாமாவது விடுவோம். மறைமுகத் தாக்குதலையும் கவனியுங்கள்: ஒருவர் 'விளக்கினார்', எதிர்த்தரப்பு 'சமாளித்தார்' என்று வந்தால் வினைச்சொல்லே தீர்ப்பு எழுதிவிட்டது. இரண்டுக்கும் 'கூறினார்' போதும்.

ஒரே மூச்சில் பத்தி பத்தியாக வெட்டாதீர்கள். ஒரு திருத்தத்துக்கு ஒரு செய்தி. திருத்தத்தின் காரணத்தை எழுதும் தொகுப்புச் சுருக்கத்தில் "துறவி நீக்கம்: இருமுறை மணமானவர், சான்று இணைப்பு" என்பது போல ஒரு வரி. பெரிய நீக்கம் என்றால் முன்னதாக, கட்டுரையைப் பற்றி விவாதிக்கும் பேச்சுப் பக்கத்தில் பழைய வாக்கியத்தை அப்படியே ஒட்டி, சான்று கிடைத்தால் மீண்டும் சேர்க்கலாம் என்று எழுதி, சில நாள் விடுங்கள். அவதூறை மட்டும் அங்கேயும் ஒட்டக் கூடாது. பேச்சுப் பக்கமும் எல்லோரும் படிக்கும் பக்கம்தான்.