"பதிவிறக்கம் மட்டும்தானே செய்கிறேன்?"

திரைப்படத் திருட்டைப் பற்றிய என் சென்ற பேச்சைக் கேட்ட நேயர் ஒருவர், "டொரண்ட் வழியாக நான் படத்தைப் பதிவிறக்கம் மட்டும்தான் செய்கிறேன், எதையும் பதிவேற்றுவதில்லை, பிறகு என்னையும் ஏன் திருட்டில் சேர்க்கிறீர்கள்?" என்று கேட்டிருக்கிறார். இரண்டு நாட்களாக இந்தக் கேள்வி என்னை விடவில்லை. அவர் பொய் சொல்லவில்லை. தாம் செய்வது அவ்வளவுதான் என்று மெய்யாகவே நம்புகிறார்.

டொரண்ட் என்பது பயனர்களின் கணினிகளே கோப்புகளை ஒன்றுக்கொன்று பகிர்ந்துகொள்ளும் முறை. 2001-இல் பிட்டொரண்ட் என்ற பெயரில் அது வந்தபோதே அதன் அடிப்படை இதுதான்: பெரிய கோப்பு சிறு துண்டுகளாகப் பிரிக்கப்படும், ஒரு துண்டு உங்களிடம் வந்து சேர்ந்ததும், அது கிடைக்காத இன்னொருவருக்கு உங்கள் கணினியே அதை அனுப்பத் தொடங்கிவிடும். படம் பாதி இறங்குவதற்குள் நீங்கள் விநியோகஸ்தராகிவிடுகிறீர்கள். இப்படித் துண்டுகளைப் பரிமாறிக்கொள்ளும் கூட்டத்தில் இருப்பவர்களுக்கு உங்கள் ஐபி முகவரி, அதாவது உங்கள் இணைய இணைப்பை அடையாளம் காட்டும் எண், தெரியும். உரிமையாளர்களுக்காக வேவு பார்ப்பவர்களும் அதே கூட்டத்தில் ஓர் ஆளாக நுழைந்துதான் பட்டியல் எடுக்கிறார்கள்.

"சரி, பதிவிறக்காமல் திருட்டுப் படம் காட்டும் தளத்திலேயே பார்த்துக்கொள்கிறேன்" என்பீர்கள். நான் சலிக்காமல் சொல்லிவரும் பழைய பாட்டை இங்கேயும் பாட வேண்டியிருக்கிறது: காசு எந்த வாசல் வழியாக உள்ளே வருகிறது என்று பாருங்கள். உங்களிடம் கட்டணம் வாங்காத தளமும் சர்வருக்கு வாடகை கட்டித்தான் ஆக வேண்டும். நல்ல பெயருள்ள விளம்பரதாரர்கள் அங்கே வரத் தயங்குவதால், அந்த இடத்தைச் சூதாட்டத் தளங்களும் போலிச் செயலிகளும் பிடித்துக்கொள்கின்றன. என் உறவினர் ஒருவர், "படம் ஓட இந்தப் பிளேயரை நிறுவுங்கள்" என்ற அறிவிப்பை நம்பி ஒரு ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டு செயலிக்கான கோப்பு) நிறுவினார். அது முதலில் கேட்ட அனுமதி, குறுஞ்செய்திகளைப் படிப்பதற்கு. வீடியோ பிளேயருக்குக் குறுஞ்செய்தி எதற்கு? வங்கி அனுப்பும் ஓடிபி அங்கேதானே வருகிறது! நல்லவேளையாக அவருக்கு அந்த இடத்தில் சந்தேகம் தட்டியது.

ஆனால் என்னிடம் யாராவது கேட்க மாட்டார்களா என்று நான் காத்திருக்கும் கேள்வி வேறு: காசு கொடுக்கத் தயாராக இருப்பவரும் ஏன் அந்தப் பக்கம் போகிறார்? ஒரு நாட்டில் வெளியான படம் இன்னொரு நாட்டில் மாதக்கணக்கில் கிடைப்பதில்லை. ஒரு படம் ஒரு சந்தாவில் இருக்கிறது, அதன் இரண்டாம் பாகம் இன்னொரு சந்தாவில். சந்தா கட்டிய பிறகு, பாதி பார்த்த படம் ஒரு நாள் காணாமலே போய்விடுகிறது. இந்த எரிச்சல் திருட்டை நியாயப்படுத்தாது என்றாலும், திருடர்களுக்கு வாடிக்கையாளர் பிடித்துக் கொடுக்கிறது என்பது என் கருத்து.

திரையரங்கில் கேமராவால் எடுப்பவரைக் கண்டுபிடிக்க, டிஜிட்டல் திரையிடலுக்கான விதிமுறையே ஓர் ஏற்பாட்டை வைத்திருக்கிறது. ஒவ்வொரு 5 நிமிடப் பகுதியிலும், இடத்தையும் நேரத்தையும் சொல்லும் 35 பிட் (0 அல்லது 1 என்ற இலக்கங்கள் 35) கொண்ட அடையாளம் கண்ணுக்குத் தெரியாமல் பதிந்திருக்கும். அழகான தொழில்நுட்பம்தான், ஆனால் படம் எங்கிருந்து கசிந்தது என்பதைத்தான் அது காட்டும், ஏன் தேடப்பட்டது என்பதைக் காட்டாது.

கேள்வி கேட்ட நேயருக்கு இன்னும் ஒன்று. படம் முழுவதும் இறங்கிய பிறகும் அந்த மென்பொருளை மூடாமல் விட்டால், பகிர்வது பெரும்பாலும் நிற்பதில்லை. இன்றைக்கே அதைத் திறந்து, பழைய படங்களின் பெயருக்கு நேரே 'சீடிங்' (பிறருக்குப் பகிர்ந்துகொண்டிருக்கிறது என்று பொருள்) என்று இருக்கிறதா என்று பாருங்கள். பதிவேற்றிய அளவும் அங்கேயே எழுதியிருக்கும்.