யார் புள்ளி?

(காரைக்குடியில் மகளிர் குழுவினரும் கல்லூரி மாணவர்களும் கூடியிருந்த அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

பெரியோர்களே, தாய்மார்களே, மாணவச் செல்வங்களே, வணக்கம்.

எனக்குக் கொடுத்த தலைப்பு, 'எல்லோரையும் உள்ளடக்கிய வளர்ச்சியும் வறுமை ஒழிப்பும்'. அழைப்பிதழில் அதைப் படித்ததும் எனக்கே கொட்டாவி வந்தது. ஆகவே இந்தச் சீமைக்காரர்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு சொல்லில் தொடங்குகிறேன். அது, புள்ளி.

நகரத்தாரில், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்களில், ஓர் ஆண்மகனுக்குத் திருமணம் ஆகிவிட்டால் அவன் கோயில் கணக்கில் ஒரு புள்ளி. வரி புள்ளிக்கு இவ்வளவு என்று விழும். வரி கொடுக்கிறவனுக்குக் கூட்டத்தில் பேச்சும் உண்டு, மரியாதையும் உண்டு. முப்பது வருடம் பொருளாதாரம் கற்பித்தேன். 'புள்ளிவிவரம்' என்று கரும்பலகையில் எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். அந்தச் சொல்லுக்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைத்ததில்லை. ஊர்க் கணக்கில் நீ புள்ளியா, இல்லையா?

என் தாத்தா புள்ளி இல்லை. அவர் கொத்தனார். சுண்ணாம்பை அரைத்து, கடுக்காய்த் தண்ணீரும் கருப்பட்டியும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து, முகம் தெரிகிற மாதிரி சுவர் பூசியவர். பர்மாத் தேக்கும் இத்தாலிப் பளிங்கும் கப்பலில் வந்து இறங்கிய காலம். வருடக்கணக்காக வேலை ஓயவில்லை. பிறகு ஓய்ந்தது. ஏன் ஓய்ந்தது என்று அவருக்குக் கடைசி வரை தெரியாது. காரணம் பர்மாவின் ரங்கூனில் இருந்தது. இந்த ஊர்ச் செட்டியார்கள் அங்கேதான் வட்டிக்குப் பணம் கொடுத்துவந்தார்கள்.

1930-ஐ ஒட்டி உலகச் சந்தை விழுந்தது, நெல் விலை அதோடு விழுந்தது. அவர்களிடம் வாங்கிய கடனுக்குப் பர்மிய விவசாயியால் வட்டிகூடக் கட்ட முடியவில்லை. கீழ்ப் பர்மாவின் முக்கியமான நெல் மாவட்டங்களில், 1930-ல் நூற்றுக்கு 6 பங்கு நிலம் செட்டியார்கள் கையில் இருந்தது. 1938-ல் அது 25 பங்கு. ஆசைப்பட்டு வாங்கிய நிலமல்ல அது. வராத கடனுக்கு ஈடாக வந்து விழுந்தது. கிட்டங்கியில், அதாவது வட்டிக்கடையில், உட்கார்ந்து ஐந்தொகை என்னும் வரவு செலவுக் கணக்குப் போடுகிறவருக்கு வேண்டியது ரொக்கம்; சேற்று வயலை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்வார்? உலகத்திலேயே அதிக அரிசியை ஏற்றுமதி செய்துவந்த நாடு அது. இன்றைய மொழியில் சொன்னால் வளர்ச்சி விகிதம் பிரமாதம்! ஆனால் அந்த நெல்லை விளைவித்தவன் குத்தகைக்காரன் ஆனான். 1942-ல் ஜப்பான் படை வந்தது. 1948-ல் சுதந்திரம் வந்தது, கையோடு நில தேசியமயச் சட்டமும் வந்தது. உழுதவன் நிலத்தை முன்பே இழந்திருந்தான், இப்போது கடன் கொடுத்தவர் போட்ட பணத்தை இழந்தார். என் தாத்தாவின் கரணை பரணில் ஏறியது. எவருடைய பேரேட்டிலும் அவர் பெயர் கிடையாது. ஆச்சிமார்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது, நான் யார் வீட்டுக் கணக்கையும் கிளறவில்லை. மேலே ஓடுகிற பணம் தானாகக் கீழே ஒழுகிவிடும் என்று இன்றும் சிலர் சொல்கிறார்கள். ஆயிரம் ஜன்னல் வைத்துக் கட்டியும் அது வெளியே ஒழுகவில்லை என்பதைத்தான் சொல்கிறேன்.

அந்தச் செல்வத்தில் மிஞ்சியது எது? பல வீடுகளின் தூணும் கதவும் நம் பழம்பொருள் கடைகளில் நிற்கின்றன. ஆனால் அழகப்பச் செட்டியார் 1947-ல் ஒரு கல்லூரி தொடங்கினார். மின்வேதியியல் ஆய்வகத்துக்காக 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்தார். 1948 ஜூலை 25 அன்று நேரு வந்து அடிக்கல் நாட்டினார். கொத்தனார் மகனான என் அப்பா அந்தக் கல்லூரியில்தான் படித்தார். சேரும்போது அவரை யாரும் புள்ளியா என்று கேட்கவில்லை.

ஒரு வள்ளல் பிறப்பார் என்று ஊர் காத்திருக்க முடியாது. அதற்குத்தான் அரசின் கொள்கை. 1997-ல் நாடு முழுவதும் ரேஷனில் ஏழைப் பட்டியல் போட்டுப் பிரித்தார்கள். தமிழ்நாடு பிரிக்கவில்லை, எல்லோருக்கும் அட்டை, எல்லோருக்கும் அரிசி. பணக்காரனுக்கும் ஏன் என்று என் மாணவர்கள் கேட்பார்கள். பட்டியல் போட்டால் முதலில் விடுபடுவது யார் பெயர் என்று திருப்பிக் கேட்பேன். தலையாரிக்கு வேண்டாதவன் பெயர்தான்.

நூறு நாள் வேலையும் அப்படி. 2006 பிப்ரவரியில் அது தொடங்கியபோது தமிழ்நாட்டில் முதலில் எடுத்துக்கொண்ட ஆறு மாவட்டங்களில் நம் சிவகங்கையும் ஒன்று. வானம் பார்த்த பூமி. கண்மாய் நிறைந்தால் சோறு, இல்லாவிட்டால் திருப்பூர். கண்மாய்க் கரையில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி என்றதும், வயல்காரர்கள் ஆள் கிடைக்கவில்லை என்று புலம்பினார்கள். கிடைத்தது, பழைய கூலிக்குத்தான் கிடைக்கவில்லை.

இனி எனக்கு உறுத்துகிற விஷயத்துக்கு வருகிறேன். மத்திய அரசின் நிதி ஆயோக் கணக்குப்படி, 2019-21-ல் பல பரிமாண வறுமையில் இருந்தவர்கள் இந்தியாவில் நூற்றுக்கு 14.96, தமிழ்நாட்டில் 2.20 மட்டும். பெருமைப்படலாம். இந்தக் கணக்கு 12 அளவுகளைப் பார்க்கிறது. சத்துணவு, பள்ளிப் படிப்பு, கழிப்பறை, மின்சாரம், சமையல் எரிபொருள், வங்கிக் கணக்கு என்று போகும். கடன் அதில் இல்லை. கேஸ் அடுப்பு இருக்கிறது, கழிப்பறை இருக்கிறது, வங்கிக் கணக்கும் இருக்கிறது. மூன்று நிறுவனங்களில் குழுக் கடனும் இருக்கிறது. செவ்வாய்க்கிழமை தவணை என்றால் திங்கட்கிழமை இரவு தூக்கம் இல்லை. அந்தப் பெண் கணக்கின்படி ஏழை அல்ல. கடன் தவணை மாத வருமானத்தில் பாதிக்குமேல் போகக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022-ல் விதி போட்டது. பாதி வரை போகலாமாம்! பத்தாயிரம் வருகிற வீட்டில் ஐயாயிரத்தைத் தவணைக்குக் கொடுத்துவிட்டு மிச்சத்தில் மாதத்தை ஓட்டிக் காட்டுங்கள் பார்ப்போம். வட்டியிலேயே வளர்ந்த இந்தச் சீமைக்கு ஒன்று தெரியும்: வாங்கியவனுக்கு வருமானம் வளராத கடன், கொடுத்தவனையும் ஒருநாள் மூழ்கடிக்கும். பர்மாவில் பார்த்துவிட்டோம்.

ஆகவே கடனைவிட விலைதான் முக்கியம் என்பது என் கட்சி. கொட்டானை, நம் ஓலைக் கூடையை, எடுத்துக்கொள்ளுங்கள். பனங்குருத்தைக் காயவைத்து, நார்நாராகக் கிழித்து, சாயம் ஏற்றி, விரல் தேயப் பின்னுகிறார்கள். இந்த ஊர்ப் பொருள் என்று சொல்லும் புவிசார் குறியீடு கிடைத்துவிட்டது. கண்டாங்கிச் சேலைக்கும் 2019-ல் கிடைத்தது. நல்லது. குறியீடு போலியைத் தடுக்கும். பின்னுகிறவளுக்கு எவ்வளவு என்று அது பேசாது. தரையில் பதிக்கிற ஆத்தங்குடிக் கல்லைக் கண்ணாடித் தட்டில் ஊற்றி எடுக்கிறவரின் தினக்கூலியும், அது பதிக்கப்படுகிற ஓட்டலின் ஒருநாள் வாடகையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கக்கூடியவை அல்ல.

எங்கள் தெருவில் கொட்டான் பின்னுகிற ஓர் அம்மாள் இருக்கிறார். வியாபாரி வாசலுக்கு வருவார், சொன்னதுதான் விலை. காரைக்குடிக்கு வந்து விசாரிக்கப் பஸ் டிக்கெட் எடுத்தால் லாபம் அதிலேயே போய்விடும். 2021-ல் சாதாரண நகரப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணம் இல்லை என்று ஆனது. அடுத்த வாரமே மூட்டையோடு கிளம்பிவிட்டார். மூன்று கடை ஏறி இறங்கினார். திரும்பி வந்து வியாபாரியிடம், "இனிமேல் விலையை நான் சொல்கிறேன்" என்றார். எந்த வறுமை ஒழிப்புத் திட்ட அறிக்கையிலும் இந்த வாக்கியம் வராது. போக்குவரத்துக் கழகத்தின் நட்டக் கணக்கில் வேண்டுமானால் வரும்.

அந்த அம்மாள் இன்று இங்கே வந்திருக்கிறார், நான்காவது வரிசையில். எங்கள் ஊருக்குக் கடைசிப் பஸ் எட்டேகாலுக்கு. அதற்குமேல் நான் பேசினால் அவருக்கு ஆட்டோச் செலவு. வணக்கம்.